உன் கலியாணத்துக்கு முன்னால் போகும் செய்தி

தம்பி,

முந்தநாள் நீ தொலைபேசியில் கேட்டதற்குப் பதில் சொல்லாமல் வைத்துவிட்டேன். கோபத்தில் வைத்தேன் என்று நினைத்திருப்பாய். கோபம்தான், இல்லையென்று சொல்லவில்லை. கோபத்தில் வாயைத் திறந்தால் பிறகு அள்ளமுடியாது என்பதால் எழுதுகிறேன். இதை உனக்கு மட்டும் அனுப்பாமல் எல்லோரும் வாசிக்கக் கொடுக்கிறேன் என்று குறை நினைக்காதே. உன் கலியாணத்தையும் என் செய்தி வேலையையும் முடிச்சுப் போட்டு வவுனியாவிலிருந்து முல்லைத்தீவு வரைக்கும் ஏற்கெனவே கதைக்கிறார்கள். கதைக்கிறவர்கள் என் வாயாலும் ஒருமுறை கேட்கட்டும். அதோடு, மைக்கில் ஒன்றும் மைக் இல்லாத இடத்தில் இன்னொன்றும் பேசிய ஒருவரால்தான் இந்தப் பிரச்சினையே வந்தது. நானும் பெற்ற பிள்ளைக்கு இரகசியமாக ஒன்று, ஊருக்கு வேறொன்று என்று எழுதினால் அவரிடம் கேள்வி கேட்க எனக்கு என்ன தகுதி இருக்கிறது?

நடந்ததை முதலில் ஒழுங்காகச் சொல்கிறேன், ஏனென்றால் உனக்கு வந்து சேர்ந்தது வேறு கதை. கொக்கிளாய்ப் பக்கம் கரைவலை இழுக்கிற குடும்பங்கள் ஒரு கூட்டம் வைத்தார்கள். அவர்கள் காலம் காலமாக வலை வளைக்கிற கரையை ஒரு கம்பனி இறால் பண்ணைக்குக் கேட்கிறது என்று கதை அடிபட்டது. அவர்களுக்காகக் குரல் கொடுக்க வந்த அரசியல்வாதி, நீ கட்டப்போகிற பிள்ளையின் சித்தப்பா. அவர் பெயரை இங்கே எழுதவில்லை. செய்தியில் பெயரும் முகமும் வரும், அது போதும். அவருடைய சேட்டுக் கொலரில் சின்ன மைக்கைக் கொழுவிவிட்டது நான்தான். நன்றாகத்தான் பேசினார். "இந்தக் கரையிலை ஆரும் கால் வைக்கிறதெண்டால் என்ரை நெஞ்சிலை மிதிச்சுக்கொண்டுதான் வரவேணும்" என்றார். பெண்களில் சிலர் அழுதுவிட்டார்கள். அங்கே மாதர் சங்கத்தை நடத்துகிற செல்வராணி ஓடிப்போய் இளநீர் வெட்டிக்கொண்டு வந்து அவர் கையில் கொடுத்தாள். குடித்தார், கும்பிட்டார், வாகனத்தை நோக்கி நடந்தார். மைக்கைக் கழற்ற அவரும் மறந்தார், கழற்றி வாங்க நானும் மறந்தேன். உன் அப்பாவின் கமரா ஓடிக்கொண்டிருந்தது.

வாகனத்துக்குப் போகிற வழியில் தன் உதவியாளரிடம் அவர் சொன்னது இது: "இது முடிஞ்ச விசயம். போன மாசமே நான் ஓமெண்டு சொல்லிப்போட்டன். கச்சேரியிலை அரசாங்க அதிபரின்ரை கூட்டத்திலை கையெழுத்து விழுந்தாச் சரி. இதுகளுக்கு ஆளுக்கொரு வலையைக் குடுத்தா வாயை மூடிக்கொண்டு இருக்குங்கள்." காதில் மாட்டியிருந்த கருவியில் உன் அப்பா இதைக் கேட்டுவிட்டு என்னைப் பார்த்தார். வீட்டுக்கு வந்து நான் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டேன். அந்த 'இதுகள்' இன்னும் என் காதை விட்டுப் போகவில்லை.

உன் அப்பா திட்டம் போட்டுத்தான் கமராவை நிறுத்தாமல் விட்டார் என்று உன் மாமனார் வீட்டில் சொல்கிறார்களாம். அவரைத் தெரிந்த நீயே சொல், அந்த மனிதர் திட்டம் போட்டு ஒரு கோழியையாவது பிடித்திருக்கிறாரா? அவர் கலியாண வீட்டு வீடியோக்காரர். தாலி கட்டி முடிந்தவுடன் கமராவை மூடுகிறவனை அடுத்த கலியாணத்துக்கு யாரும் கூப்பிடமாட்டார்கள். அறுகரிசி போடுவது, பந்தியில் யாருக்குப் பக்கத்தில் யார் இருந்தார்கள், மாப்பிள்ளையின் பெரியப்பா கோபித்துக்கொண்டு எழும்பியது, பொம்பிளையின் தாய் வாசலில் நின்று கண்ணைத் துடைத்தது எல்லாம் பிறகுதான் வரும். வெளிநாட்டில் இருக்கிற சொந்தங்கள் காசு கொடுத்துப் பார்ப்பது அதைத்தான். கடைசி வாகனம் வெளிக்கிடும் வரைக்கும் கமரா ஓட வேண்டும் என்பது அவர் கைக்குப் பழகிப்போன வேலை. அரசியல் கூட்டத்துக்கும் அதே கையைத்தான் கொண்டு வருகிறார்.

அன்றைக்கே நான் அந்தப் பெரிய மனிதருக்குத் தொலைபேசி எடுத்தேன். என்ன பதிவாகியிருக்கிறது என்று சொல்லுக்குச் சொல் வாசித்துக் காட்டினேன். "உங்கடை பதில் என்ன?" என்று கேட்டேன். "அப்பிடி நான் சொல்லேல்லை" என்றார். குரல் பதிவில் இருக்கிறது என்றேன். பிறகு, "தங்கச்சி, நாங்கள் சொந்தக்காரராகப் போறமெல்லே" என்றார். நான் கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை. பதிலுக்குக் காத்திருக்கிறேன் என்று சொல்லி வைத்தேன். பதில் வரவில்லை. முதலில் உன் மாமனார் வந்தார், பிறகு உன் குரல் வந்தது. வாழ்க்கையில் உனக்கு நான் ஒரு புத்தி சொல்லலாம் என்றால் இதைச் சொல்வேன்: நேரே கேட்ட கேள்விக்கு ஒருவர் உன் சொந்தக்காரரைத் தூது அனுப்பினால், அவரிடம் சொல்ல ஒன்றும் இல்லை என்று விளங்கிக்கொள்.

உன் மாமனார் நல்ல மனிதர். செட்டிகுளத்தில் அவருடைய நெல் ஆலைக்கு விளைந்த நெல்லைக் கொண்டுபோகிற கமக்காரர்கள் அவரைப் பற்றிக் குறையாகச் சொல்லி நான் கேட்டதில்லை. வந்தார், நம்முடைய விறாந்தைக் கதிரையில் இருந்தார், தேநீரைக் கையில் வைத்துக்கொண்டு ஆறவிட்டார். "தங்கச்சி, நான் போடவேண்டாமெண்டு சொல்லேல்லை. கலியாணம் முடியட்டும். பிறகு போடுங்கோ, ஆர் கேக்கப் போயினம்?" என்றார்.

"அண்ணை, கச்சேரிக் கூட்டம் வாற திங்கக்கிழமை. கலியாணம் ஆவணியிலை. பிறகு போட்டா அது செய்தியே? செத்தவீட்டு அறிவித்தல்" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. எழும்பும்போது நிலத்தைப் பார்த்துக்கொண்டு, "அப்ப நீங்கள் கலியாணத்துக்கு வராமல் விடுறதுதான் எல்லாருக்கும் மரியாதை" என்றார். அது அவருடைய வார்த்தை இல்லை, யாரோ சொல்லிக்கொடுத்து அனுப்பியது என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அதனால் அவர்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. ஆனால் அதே வார்த்தையை நீயும் எடுத்துக்கொண்டு வந்தாய். அதற்குத்தான் எனக்கு நெஞ்சு பற்றியது.

நான் ஏன் இந்த வேலைக்கு வந்தேன் என்று உனக்கு ஒருநாளும் சொன்னதில்லை. நீ கேட்டதும் இல்லை. போர் முடிந்து செட்டிகுளம் முகாமில் நாங்கள் இருந்தபோது நீ சின்னப்பிள்ளை. தண்ணீருக்கு வரிசையில் நிற்கும்போது பெரிய ஆட்கள் வருவார்கள், அவர்களோடு கமராவும் வரும். என் முகத்துக்குக் கிட்ட வந்து நிற்கும், பிறகு அடுத்த முகத்துக்குப் போகும். பெயர் என்ன என்று கேட்கமாட்டார்கள். என்ன வேண்டும், யாரைத் தேடுகிறாய், ஒன்றும் கேட்கமாட்டார்கள். என் முகத்தைப் போட்டுவிட்டு அதற்குமேல் என்ன சொன்னார்கள் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. மக்கள் சந்தோசமாக இருக்கிறார்கள் என்றுகூடச் சொல்லியிருப்பார்கள், யார் கண்டது! அந்த ஆத்திரம் எனக்கு முகாமோடு முடியவில்லை. கிளிநொச்சிக்குத் திரும்பி வந்து, உன் அப்பா பழைய கமரா ஒன்றோடு வீடியோக் கடை திறந்து, கொழும்பிலிருந்து ஒரு தொலைக்காட்சிக்காரர் படம் எடுத்து அனுப்ப ஆள் தேடி வந்தபோது, உன் அப்பா "எனக்குப் படம் பிடிக்கத்தான் தெரியும், கதைக்கிறது இவா" என்று என்னைக் காட்டினார். நான் மைக்கை வாங்கினேன். அன்று தொடக்கம் ஒருவருடைய பெயரையும் கேட்காமல் அவர் முகத்தை நான் எடுத்ததில்லை.

தொடக்கத்தில் எங்களுக்கு ஒரு மண்ணும் தெரியாது. ஒரு அமைச்சர் மதகு ஒன்றைத் திறந்துவைக்க வந்தார். உன் அப்பா படத்தைத் தன் கலியாண வீட்டுக் கணினியிலேயே வெட்டி ஒட்டி அனுப்பினார். கொழும்பில் அவசரத்தில் யாரும் பார்க்கவில்லை போல. செய்தியில் அமைச்சர் நாடாவை வெட்டுகிறார், மேலேயிருந்து ரோசாப்பூ இதழ்கள் கொட்டுகின்றன, பிறகு இதய வடிவில் ஒரு சட்டம் வந்து அவரையும் மதகையும் ஒன்றாகச் சேர்த்து மூடுகிறது. நீ விழுந்து விழுந்து சிரித்தாய். நான் அடுத்தநாள் சந்தைக்குப் போக வெட்கப்பட்டு வீட்டிலேயே இருந்தேன். அமைச்சருக்கு ஒரே புளுகம், சந்தோசம் தாங்காமல் தனக்கு ஒரு பிரதி வேண்டுமென்று ஆள் அனுப்பிக் கேட்டார். அடுத்த மாரிக்கு மதகு உடைந்தது. அவர் கிளிநொச்சிக்கு வந்த அன்று, வாகனக் கதவைப் பிடித்துக்கொண்டு ஏன் உடைந்தது என்று கேட்டேன். அவர் பிரதி கேட்டு ஆள் அனுப்பவில்லை. அன்றைக்குத்தான் நான் செய்தியாளராக ஆனேன் என்று நினைக்கிறேன்.

அதற்குப் பிறகு வந்ததெல்லாம் உனக்குத் தெரியும். மோட்டார் சைக்கிளில் வந்து வாசல் படலையில் நின்று "இண்டைக்கு எந்தப் பக்கம் போறியள் அக்கா?" என்று சிரித்துக்கொண்டு கேட்கிற புலனாய்வு ஆட்களைத் தெரியும். வவுனியாவுக்கு விசாரணைக்குக் கூப்பிட்டபோது நான் பாணும் சம்பலும் கட்டிக்கொண்டு போனதும் தெரியும். "உங்களுக்கு ஆர் காசு தாறது?" என்று திருப்பித் திருப்பிக் கேட்டார்கள். எங்களைப் போன்றவர்களுக்குச் சம்பளம் வருகிற சீர் உனக்குத்தான் தெரியுமே. "கண்டுபிடிச்சா எனக்கும் சொல்லுங்கோ ஐயா, நானும் கனகாலமாத் தேடுறன்" என்றேன். கேட்டவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. வீட்டுக்கு வந்து உனக்கு அதைச் சிரித்துச் சிரித்துச் சொன்னேன். அன்றிரவு எழும்பி எழும்பிப் படலைப் பூட்டைப் பார்த்ததை மட்டும் சொல்லவில்லை. பயம் இல்லாதவள் என்று உன் அம்மாவை யாரும் புகழ்ந்தால் நம்பாதே. எனக்குப் பயம் நிறைய உண்டு, அதற்காக வேலைக்குப் போகாமல் இருந்ததில்லை.

"எப்பவும் உங்களுக்கு ஊர்தானே முதல்" என்று நீ சொன்னாய். பள்ளிக்கூடப் பரிசளிப்பு உன் மனதில் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். பிள்ளைகளுக்குக் கடிதம் எழுதுகிற அம்மாமார் இந்த இடத்தில் மன்னிப்புக் கேட்பார்கள். நான் கேட்கப்போவதில்லை. அன்றைக்கு நான் தெருவோரக் கொட்டிலில், காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைத் தேடுகிற தாய்மாரோடு இருந்தேன். அவர்களைப் பார்க்க வருவதாகச் சொன்ன அரசியல்வாதி வந்து சேர்வதாக இல்லை. ஒவ்வொருத்தியும் மடியில் ஒரு படத்தை வைத்துக்கொண்டிருந்தாள். அவர்களுக்கு முன்னால் "என்ரை பிள்ளைக்குப் பரிசு குடுக்கினம், நான் போகவேணும்" என்று எழும்ப எனக்குக் கால் வரவில்லை. நீ பரிசை மேசையில் வைத்துவிட்டு என்னோடு பேசாமல் படுத்தாய். எனக்கு அது நொந்தது, இன்றைக்கும் நினைத்தால் நோகிறது. நொந்ததற்காக நான் அங்கே இருந்தது பிழை என்று சொல்லமாட்டேன்.

இனி உன் பயத்துக்கு வருகிறேன். சித்தப்பா நினைத்தால் உன் அரசாங்க வேலையில் கை வைக்கலாம் என்று சொன்னாய். வைக்கட்டும். இடமாற்றம் வந்தால் போ. மாந்தை கிழக்கிலும் மனிதர்கள்தான் இருக்கிறார்கள், அங்கேயும் சம்பளம் மாதக் கடைசியில்தான் வரும். ஒருவர் தொலைபேசி எடுத்தால் உன்னை அசைக்கலாம் என்று நீயே நம்பிவிட்டால், பிறகு எல்லோரும் எடுப்பார்கள். இன்றைக்கு அம்மாவின் செய்தியை நிறுத்தச் சொல்கிறவர் நாளைக்கு உன் மேசைக்கு ஒரு கடிதக் கோவையை அனுப்பி, பார்க்காமல் கையெழுத்து வை, நாங்கள் சொந்தம் அல்லவா என்பார். அப்போது நீ என்ன செய்வாய்? இப்போதே சொல்லிப் பழகு.

அந்தப் பிள்ளையைப் பற்றி ஒரு வார்த்தை. அவள் எனக்கு எதுவும் சொல்லி அனுப்பவில்லை, நானும் கேட்கவில்லை. தன் சித்தப்பாவைப் பற்றி இப்படி ஒரு செய்தி போனால் அவளுக்கு என்மேல் கோபம் வரும். வரட்டும், அது நியாயம். என் மருமகளுடைய கோபத்தை நான் வீட்டுக்குள் வைத்துத் தாங்கிக்கொள்வேன். அவளைக் காட்டி என்னைப் பணியவைக்க யாரும் பார்க்க வேண்டாம், நீயும் பார்க்காதே.

"அம்மா, ஒருக்கா எனக்காக விடுங்கோவன். நான் உங்களட்டை வேறை என்ன கேட்டிருக்கிறன்?" இது நீ கேட்டது. உண்மைதான், நீ ஒன்றும் கேட்டதில்லை. சைக்கிள்கூட நீயாகக் கேட்டு வாங்கினதில்லை. தொலைபேசியை வைத்த பிறகு உன் அப்பாவும் நானும் குசினிக்குள் அடுப்படியில் நின்று சண்டை பிடித்தோம். அதற்கு முன் அவர் என்னோடு சத்தம் போட்டு நான் பார்த்ததில்லை. "ஒரே பிள்ளையப்பா! ஊரிலை வேறை செய்தி இல்லையே?" என்றார். "நீங்கள்தானே படம் எடுத்தனீங்கள்" என்றேன். "எடுத்தனான். அதுக்காக நான் தகப்பன் இல்லாமல் போகேலுமே?" என்றார். அன்றைக்கு முழுக்க ஆளுக்கொரு பக்கம் இருந்தோம். உண்மையைச் சொல்கிறேன் தம்பி, அந்த ஒரு நாள் நான் விட்டுவிடலாமோ என்று நினைத்தேன். உன்னைக் கோபிக்கும்போதெல்லாம் உன் முகம் சின்னப்பிள்ளை முகமாகத்தான் எனக்கு வருகிறது.

நேற்றுக் காலை படலையில் செல்வராணி நின்றாள். கொக்கிளாயிலிருந்து பஸ் மாறி மாறி வந்திருந்தாள். முன்பே நான் அவளிடம் போய் அந்தப் பதிவைப் போட்டுக் காட்டியிருந்தேன், அவர்களுடைய பதிலையும் செய்தியில் சேர்க்க வேண்டுமே. அன்றைக்குக் கேட்டுவிட்டு, "இளநி வெட்டிக் குடுத்தனான் அக்கா" என்று மட்டும் சொன்னாள். நேற்று வந்தவள் கதிரையில் இருக்கவும் மாட்டேன் என்றாள். கையில் ஒரு பொதி.

"அக்கா, கேள்விப்பட்டனான். தம்பியின்ரை கலியாணம் குழம்புதாமே. அதைப் போடாமல் விடுங்கோ."

"என்ன கதை கதைக்கிறாய்? திங்கக்கிழமை கையெழுத்து விழுந்தா உங்களுக்குக் கரை இல்லை."

"எங்களுக்கு இது முதல் தரமே அக்கா? எத்தினை தரம் சட்டிபானையோடை எழும்பி ஓடினனாங்கள். இன்னொரு கரை பாப்பம். உங்களுக்கு இருக்கிறது ஒரு பிள்ளை." பொதியை என் கையில் திணித்தாள். "நல்ல அறக்குளாக் கருவாடு. கலியாணத்துக்கு வாற ஆக்களுக்குச் சமையுங்கோ."

தம்பி, எனக்கு அந்த இடத்தில் அழுகை வந்துவிட்டது. குசினி வாசலில் நின்ற உன் அப்பா முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவளுக்கு நீ யார்? உன்னை அவள் கண்டதுகூட இல்லை. உன் கலியாணம் குழம்பக்கூடாது என்பதற்காகத் தன் கரையை விட்டுக்கொடுக்க அவள் பஸ் ஏறி வந்திருக்கிறாள். உன் பக்கத்தில் சொந்தம் என்று நிற்கிறவர் தன் பெயர் கெடக்கூடாது என்பதற்காக உன் அம்மாவைக் கலியாணத்துக்கு வரவேண்டாம் என்கிறார். இதில் யார் உன் கலியாணத்துக்கு ஆசைப்படுகிறார்கள் என்று நீயே யோசித்துப் பார். உன் அப்பா யோசித்தார். அவள் போனதும் ஒன்றும் பேசாமல் கடைக்குப் போய்க் கணினியைப் போட்டார், படத்தையும் குரலையும் கொழும்புக்கு அனுப்பிவிட்டுத்தான் சாப்பிட வந்தார். அங்கே செய்தி ஆசிரியரும் சட்டத்தரணியும் பார்த்துவிட்டார்கள். வெள்ளிக்கிழமை இரவுச் செய்தியில் போகும். அந்தப் பெரிய மனிதருக்கு இன்னும் ஒருமுறை எடுத்து, பதில் சொல்ல நேரம் இருக்கிறது என்றேன். அவர் வைத்துவிட்டார்.

இன்று காலை நானும் உன் அப்பாவும் கொக்கிளாய்க்குப் போனோம். கமரா கொண்டுபோகவில்லை. குங்குமமும் வெற்றிலையும் தட்டில் வைத்து, நல்ல உடுப்பு உடுத்தி, கரைவலைக் குடும்பங்கள் ஒன்றையும் விடாமல் வீடு வீடாகப் போய் உன் கலியாணத்துக்கு முறைப்படி சொல்லிவிட்டு வந்தோம். முதலில் செல்வராணி வீடு. அவள் நம்பவில்லை, "எங்களையோ அக்கா?" என்று கேட்டாள். உங்களைத்தான், எல்லோரும் வரவேண்டும் என்றேன். வருவார்கள்.

நானும் வருவேன். மேடைக்கு வரவேண்டாம் என்று உன் மாமனார் வீடு சொன்னால், பந்தியில் அந்தச் சனங்களோடு இருப்பேன், எனக்கு அது குறைவில்லை. அந்தச் சித்தப்பாவும் முன்வரிசையில் இருக்கலாம், அது அவருடைய துணிவு. ஆனால் செல்வராணி ஆட்களோடு வந்து இறங்கும்போது மண்டப வாசலில் நின்று கையைக் கூப்பி "வாங்கோ" என்று சொல்ல வேண்டியவன் நீ. யார் பார்த்துக்கொண்டிருந்தாலும் சரி, நாலு பேருக்குக் கேட்கச் சொல்.

உன் அம்மா